வலைக்கையனைப் பெற்றவர்

அவருக்கு ஊசி போடத் தெரிந்ததைவிட நன்றாகப் பயமுறுத்தத் தெரியும்.

நான் வேலை பார்த்த பனியன் கம்பெனியில், கேன்டீனுக்குப் போகும் வழியில் பச்சைத் திரை போட்ட ஒரு சின்ன அறை உண்டு. அதுதான் முதலுதவி அறை. உள்ளே ஒரு கட்டில், ஒரு மருந்து அலமாரி, ஒரு நர்ஸ். எல்லாரும் அவரை நர்ஸக்கா என்றோம். அவரைவிட மூத்தவர்களும் நர்ஸக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். முதலாளி மட்டும் நர்ஸம்மா. தலைவலி என்று போனால் மாத்திரை கிடைக்கும். ஆனால் அது தனியாகக் கிடைக்காது. கூடவே ஒரு சாவுக் கதையும் சேர்ந்து வரும்.

நான் பல்லடத்தில் தறிச் சத்தத்துக்குள் பிறந்து வளர்ந்தவள். எந்திரம் என்றால் எனக்கு வீட்டு நாய்க்குட்டி மாதிரி. கட்டிங் பகுதியில், வெட்டிய துணியை அடுக்கி நம்பர் ஸ்டிக்கர் ஒட்டும் வேலையில் சேர்ந்தேன். சேர்ந்த புதிதில் ஒரு நாள் நர்ஸக்கா என்னை வழியில் நிறுத்தி, முதுகில் தொங்கிய சடையைக் கையில் எடுத்து எடை பார்ப்பதுபோலத் தூக்கினார்.

"ஏங்கண்ணு, இத எப்ப இருந்து வளத்தற?"

"சின்னதுல இருந்துங்க்கா."

"நல்லா இருக்குது. மோட்டார்ல மாட்டுச்சுன்னா சடை மட்டும் வராது, பாத்துக்க. தலத்தோலு புருவம் வரைக்கும் உரிஞ்சுட்டு வந்துரும். அப்பறம் கண்ண மூட முடியாது. தூங்கறதுன்னாலும் தொறந்துட்டேதான் தூங்கோணும்."

சிரித்த முகம் மாறாமல் சொல்லிவிட்டு, மேசை இழுப்பறையிலிருந்து ஒரு கொண்டை கிளிப்பை எடுத்துக் கையில் கொடுத்தார். அந்த இழுப்பறை நிறைய கிளிப்பும் ஊக்கும்தான் கிடந்தன. அன்றைக்குப் போட்ட கொண்டை. என் கல்யாணத்தில் அலங்காரக்காரப் பெண் ஆசையாகச் சடை பின்னிப் பூ வைத்தபோதும், நான் மண்டபத்து மின்விசிறியையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். போட்டோவில் எல்லாம் அப்படித்தான் விழுந்திருக்கிறேன்.

காலையில் எந்திரங்கள் ஓடத் தொடங்கியதும் நர்ஸக்கா ஒரு சுற்று வருவார். துப்பட்டாவைத் தொங்கவிட்டிருப்பவளிடம் நின்று, கழுத்து எலும்பு எந்தப் பக்கம் ஒடியும் என்று விளக்குவார். வெறுங்காலோடு அயர்ன் மேசையில் நிற்பவனிடம், கரண்ட் உள்ளங்காலில் இறங்கும்போது எந்த விரல் முதலில் கருகும் என்று சொல்வார். சொல்லும் விதத்தில் கோபமே இருக்காது. சமையல் குறிப்பு சொல்கிறவர் மாதிரி நிதானமாக, ஒன்றையும் விடாமல் சொல்வார். அப்புறம் கேன்டீனில் உட்கார்ந்து தயிர்ச் சோற்றை ரசித்துச் சாப்பிடுவார். கேட்டவர்களுக்குத்தான் சோறு இறங்காது.

"அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்னு சிரிக்கறாங்க கண்ணு. அரண்டவன் ஊடு போய்ச் சேந்துருவான். அரளாதவனத்தான் நாம துணியில சுத்திக் குடுக்கோணும்" என்பார்.

எங்கள் கம்பெனியில் அதிகம் புழங்கும் சொல் எது என்று கேட்டால் 'ஷிப்மெண்ட்' என்பார்கள். இல்லை. 'ஒண்ணும் ஆகாது' என்பதுதான். ஒயர் பிய்ந்து தொங்கினால் எலக்ட்ரீஷியன் சொல்வார், ஒண்ணும் ஆகாது. பின்வாசலை மறைத்து அட்டைப்பெட்டிகளை மலையாக அடுக்கி வைத்துவிட்டு பேக்கிங் சூப்பர்வைசர் சொல்வார், ஒண்ணும் ஆகாது. காய்ச்சலோடு ஓவர்டைம் பார்க்கும் பெண் தனக்குத்தானே சொல்லிக்கொள்வாள், ஒண்ணும் ஆகாது. நர்ஸக்கா வாயில் மட்டும் அந்தச் சொல் வந்து யாரும் கேட்டதில்லை. விரலில் தையல் ஊசி ஏறிய பெண் அழுதுகொண்டே, "ஒண்ணும் ஆகாதுல்லீங்க்கா?" என்று கேட்டால், "ஆகறதும் ஆகாததும் நீ கட்டப் பிரிக்காம இருக்கறதுலதான் இருக்குது" என்பார். ஆறுதலாக ஒரு வார்த்தை சொல்லத் தெரியாத நர்ஸ் என்று அவருக்குப் பெயர்.

எனக்கே அது உறுத்தியது. ஒரு மத்தியானம் கேட்டுவிட்டேன். "ஏனுங்க்கா, அந்தப் புள்ள அந்த அழுகை அழுவுது. ஒண்ணும் ஆகாதுன்னு ஒரு வார்த்த சொன்னா என்னங்க?"

பஞ்சைச் சுருட்டிக்கொண்டிருந்தார். அப்புறம் சொன்னார். நர்ஸ் படிப்பு முடித்த கையோடு தாராபுரத்தில் ஓர் ஆஸ்பத்திரியில் வேலைக்குச் சேர்ந்திருக்கிறார். குண்டடம் பக்கத்திலிருந்து ஒரு விவசாயி, காலில் முள்கம்பி குத்தி வந்திருக்கிறார். போடவேண்டிய டி.டி. ஊசி அன்றைக்குத் தீர்ந்துபோயிருந்தது. நாளைக்கு வந்து போட்டுக்கொள்ளுங்கள் என்று இவர் சொல்ல, பருத்தி எடுக்கிற நேரம், மறுபடியும் அவ்வளவு தூரம் வரவேண்டுமா என்று அந்த மனிதர் தயங்கியிருக்கிறார். பாவமாக இருந்திருக்கிறது. காயத்தைக் கழுவிக் கட்டி, "ஒண்ணும் ஆகாதுங்க, முடிஞ்சா வாங்க" என்று சொல்லி அனுப்பிவிட்டார். அந்த மனிதர் அதை நம்பி வரவில்லை. கடைசியில் தூக்கிக்கொண்டு வந்தபோது தாடை பூட்டிக்கொண்டு, உடம்பு வில்லாக வளைந்து கிடந்தாராம்.

"நா மட்டும் பயமுறுத்தியிருந்தன்னா அடுத்த நாளே ஓடி வந்திருப்பாரு கண்ணு. ஆறுதல் சொல்லிக் கொன்னுபோட்டேன்" என்றார்.

அதற்குப் பிறகு அவருடைய சாவுக் கதைகள் எனக்குக் கதைகளாகத் தோன்றவில்லை. அவர் எங்களை அடைகாத்துக்கொண்டிருந்தார் என்று புரிந்தது. முட்டைக்குள் இருப்பது வெளியே வந்து பார்த்தால் கோழியின் அலகுதான் முதலில் தெரியும், அவ்வளவுதான்.

இனி இசக்கியைப் பற்றிச் சொல்ல வேண்டும். திருநெல்வேலிப் பக்கத்துக்காரன், கட்டர். எங்கள் பகுதியில் பேண்ட் நைஃப் என்று ஓர் எந்திரம். மேசை நடுவே நாடா போன்ற ஒரு கத்தி மேலிருந்து கீழாக ஓயாமல் ஓடும். அடுக்கடுக்காக விரித்த துணியைக் கையால் தள்ளித் திருப்பி அதில் வெட்ட வேண்டும். இசக்கி அதில் கெட்டிக்காரன். அவன் பெண்டாட்டி வேறொரு கம்பெனியில் டெய்லர். விடியும் முன்பே வேன் ஏறிவிடுவாள். அதனால் மகளுக்குத் தலை வாரி, இரட்டைச் சடை பின்னி, ரிப்பன் கட்டிப் பள்ளிக்கு அனுப்புவது இவன் வேலை. கட்டிங் மேசையில் அதைப் பெருமையாகச் சொல்லிக்கொள்வான். நடு வகிடு நூல் பிடித்த மாதிரி இருக்கும் என்பான்.

துணியைத் தள்ளும் கைக்கு எஃகு வளையங்களால் பின்னிய கையுறை ஒன்று உண்டு. மீன் வலையை இரும்பில் செய்தால் எப்படியிருக்கும், அப்படி. உண்டு என்றால், ஆபீஸ் பீரோவில் உண்டு. வெளிநாட்டுக் கம்பெனியின் ஆடிட் வரும் நாளில் பீரோவிலிருந்து இறங்கிக் கட்டர்களின் கையில் ஏறும். ஆடிட்காரரின் கார் கேட்டைத் தாண்டியதும் பீரோவுக்கே திரும்பிவிடும். தேர் நோம்பிக்கு மட்டும் வெளியே வரும் உற்சவர் மாதிரி. போட்டால் துணியின் நெளிவு கைக்குத் தெரியவில்லை, வேலை ஓடவில்லை, வியர்க்கிறது என்று கட்டர்கள் சொல்வார்கள். ஒண்ணும் ஆகாது என்றும் சொல்வார்கள்.

நர்ஸக்கா அந்த உற்சவரை வெளியே குடிவைக்கப் படாதபாடு பட்டார். கடைசியில் இசக்கியிடம்தான் அவர் ஜெயித்தது. மேசைக்கு எதிரே வந்து நின்றார்.

"இசக்கி, இந்தக் கத்திக்குத் துணியும் விரலும் ஒண்ணுதாஞ் சாமி. வெட்டற சத்தங்கூட மாறாது. நீ துணியத் திருப்புவ, துணி செகப்பா இருக்கும், இது எந்தக் கலரு லாட்டுன்னு நீயே யோசிப்ப. அதுக்கப்பறந்தான் வலி வரும். அடுத்த நாளு உம் பாப்பா சீப்ப எடுத்துட்டு வந்து உம்பட முன்னால உக்காருவா."

"ஏ யக்கா, காலங்காத்தால இப்படியா பயங்காட்டுவிய" என்று சிரித்தான். மறுநாள் அவனே போய்க் கையுறையைக் கேட்டு வாங்கினான். அவனைப் பார்த்து மற்றக் கட்டர்களும் வாங்கினார்கள். எந்திரத்துக்குப் பக்கத்தில் சுவரில் ஆணி அடித்துக் கையுறைகள் மாட்டப்பட்டன. நர்ஸக்கா காலைச் சுற்றில் அந்த ஆணிகளைப் பார்ப்பார். வெறும் ஆணியாக இருந்தால், கையுறை கையில் இருக்கிறது என்று அர்த்தம். அவர் முகம் மலர்ந்து நான் பார்த்தது அந்த ஆணிகளின் முன்னால்தான்.

கதை எழுதும் எண்ணம் அந்த வெற்றியில் வந்ததுதான். முதலுதவி அறையில் ஆளில்லாத நேரத்தில் அவர் மாத நாவல்களைப் படித்துத் தீர்ப்பவர். அப்புறம் போனில் கதைச் செயலிக்கு மாறினார். அதில் யார் வேண்டுமானாலும் எழுதலாம் என்று தெரிந்ததும், "ஒவ்வொருத்தருக்கா சொல்லிச் சொல்லித் தொண்ட காஞ்சு போச்சு கண்ணு. மொத்தமா எழுதிப்போட்டா எல்லாருக்கும் ஆச்சுல்ல" என்றார். எழுதினார். கதையின் பெயர் 'வெட்டு மேசை'. தன் பெயரைப் போடாமல் 'பச்சைத் திரை' என்று போட்டுக்கொண்டார். யாருக்குத் தெரியாது!

ஒரு பனியன் கம்பெனிக்குள் கொலைகள் நடக்கின்றன. ஒயரைப் பிய்த்துத் தொங்கவிட்ட எலக்ட்ரீஷியன் முதலில் சாகிறான். அப்புறம் துப்பட்டாக்காரி. பின்வாசலை அட்டைப்பெட்டி போட்டு அடைத்த சூப்பர்வைசர், ஓடிப்போய் அந்தப் பெட்டிகளிலேயே முட்டி நிற்கும்போது பிடிபடுகிறான். கொலைகாரன் முகம் தெரியாது. இடது கை மட்டும் தெரியும். அதில் எஃகு வலைக் கையுறை. வரும்போது வளையங்கள் உரசிச் 'சலக், சலக்' என்று கேட்கும். அவனுக்குப் பெயர் வலைக்கையன். கடைசிப் பாகத்தில் அவனைப் பிடித்துக் கையுறையை உருவும்போது, உள்ளே விரல்களே இல்லை. கையுறை கொடுக்காமல் வேலை வாங்கிய காலத்தில் விரல்களை இழந்த பழைய கட்டர் அவன். நடை ஒன்றும் பிரமாதம் இல்லை. ஒற்றுப் பிழை ஏராளம். ஆனால் சாவு வரும் இடங்களில் அந்த அம்மாளின் கை நடுங்கவே நடுங்காது. கதையை முதலில் படித்தவள் நான். படித்த அன்று பாத்ரூமுக்குத் துணைக்கு ஆள் கூட்டிப்போனேன்.

ஊரே படித்தது என்று சொன்னால் மிகை; பனியன் ஊர் படித்தது. கேன்டீனில் இலை போட்டால் பக்கத்தில் போனையும் போட்டார்கள். துணி கோடவுனுக்கு யாரும் தனியாகப் போவதில்லை. கதையின் கீழே கருத்துகள் குவிந்தன. "அக்கா செம", "ரத்தம் பத்தல", "மேனேஜரை எப்போ போடுவீங்க", "கொலைகாரன் யாருன்னு எனக்கு முதல் பாகத்துலயே தெரியும்." எங்கள் முதலாளி தோட்டம் காடு உள்ள விவசாயக் குடும்பம். அவர் நர்ஸக்காவைக் கூப்பிட்டனுப்பினார் என்றதும் வேலை போயிற்று என்றே நினைத்தோம். அவரோ, "ஏனுங்க நர்ஸம்மா, நம்ம கம்பெனியக் கொலக்களமாக்கிப் போட்டீங்களே" என்று வயிறு குலுங்கச் சிரித்து, ஒறம்பரை, சொந்தபந்தம் எல்லாருக்கும் கதையை அனுப்பினார். தன்னை ஏன் கதையில் கொல்லவில்லை என்று அவருக்குக் கொஞ்சம் வருத்தம்கூட இருந்தது.

எல்லாவற்றையும்விட, அந்த அட்டைப்பெட்டி மலை ஒரே நாளில் பின்வாசலை விட்டு நகர்ந்தது. பாதுகாப்புக் கமிட்டிக் கூட்டங்களில் நர்ஸக்கா தொண்டை கிழியச் சொல்லியும் நகராத மலை. பேக்கிங் சூப்பர்வைசரே முன்னால் நின்று தூக்கிப் போட்டார். தன்னைத்தான் எழுதியிருக்கிறார் என்று அவருக்குச் சந்தேகம்.

ஊரில் கூடும் வாசகர் கூட்டம் ஒன்றிலும் 'வெட்டு மேசை'யை எடுத்துப் பேசினார்கள். நானும் துணைக்குப் போனேன். ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஒருவர், இது இலக்கியமே அல்ல, மலிவான ரத்தக் கதை, வாசகனின் நரம்பைச் சுண்டுகிறதே தவிர நெஞ்சைத் தொடவில்லை என்று நீளமாகப் பேசினார். எனக்கு முகம் சிவந்துவிட்டது. நர்ஸக்கா சாவகாசமாக எழுந்து நின்றார்.

"ஐயா, படிக்கறப்ப பயந்தீங்களாங்க?"

ஆசிரியர் கொஞ்சம் நெளிந்தார். "பயந்தேன்னுதான் சொல்லோணுங்க. ஊட்டுக்கதவ எந்திரிச்சுப் போயி ரெண்டாவது தடவயும் பாத்தேன்."

"அது போதுங்க" என்று உட்கார்ந்துவிட்டார். திரும்பி வரும்போது பஸ்ஸில் குழந்தை மாதிரி உற்சாகமாக இருந்தார். எனக்கும் சந்தோஷம்தான். இவ்வளவு பயத்தை ஊருக்குள் இறக்கிவிட்டோமே, அது எந்தப் பக்கம் போகும் என்று இரண்டு பேருமே யோசிக்கவில்லை.

யாரோ ஒருவன் கதையை எடுத்து, நாய் ஊளையிடும் சத்தமெல்லாம் சேர்த்து, குரலாகப் பதிந்து வெளியிட்டான். கடைசிப் பாகத்தை அவன் வாசிக்கவே இல்லை. அதுதான் காட்டுத்தீயாகப் பரவியது. தமிழ் தெரியாத வடநாட்டுப் பையன்களுக்குத் தெரிந்தவர்கள் கை கால் ஆட்டிச் சொன்னார்கள். விரலில்லாத கையைப் பற்றித் தெரிந்தவர்கள் கொஞ்சம் பேர்தான். வலைக்கையனைத் தெரியாதவர் யாருமில்லை.

இசக்கி கையுறையோடு தண்ணீர் குடிக்க வந்தால் செக்கிங் பெண்கள் 'வீல்' என்று கத்திவிட்டுச் சிரிப்பார்கள். "ஆ கயா, ஆ கயா" என்று, வந்துவிட்டான் என இந்தியில் கத்திக்கொண்டு வடநாட்டுப் பையன்கள் ஓடுவார்கள். முதலில் அவனும் சளைக்கவில்லை. கையை உயர்த்தி வளையங்களை உரசி 'சலக், சலக்' காட்டுவான். வாட்ஸப் குழுவில் அவன் படம் கத்தியோடு சுற்றியது. பிறகு ஒரு நாள், ஒடிசாவிலிருந்து வந்திருந்த ஒரு புதுப்பெண் திருப்பத்தில் அவன் கையைப் பார்த்து நிஜமாகவே மிரண்டு, டிராலியில் மோதி நெற்றியை உடைத்துக்கொண்டாள். நர்ஸக்காதான் கட்டுப் போட்டார். ஹெச்.ஆர். அதிகாரி வந்து, "இசக்கி, அந்தக் கெரகத்தக் கழட்டிப்போட்டு நடங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

நடக்கும்போது கழற்றியவன் வெட்டும்போதும் கழற்றிவிட்டான். அவன் கழற்றியதும் மற்றவர்களும் கழற்றினார்கள். யாருக்குத்தான் கொலைகாரன் பட்டம் வேண்டியிருக்கிறது? ஆணிகளில் கையுறைகள் தொங்க ஆரம்பித்தன. கிணறு வெட்டப் பூதம் புறப்பட்ட கதை என்பார்களே, அதை நான் என் கண்ணால் பார்த்தது அந்தச் சுவரில்தான்.

காலைச் சுற்றில் ஆணிகளைப் பார்த்த நர்ஸக்காவின் முகம் செத்துவிட்டது. நேராக இசக்கியிடம் போனார்.

"எடுத்து மாட்டு சாமி."

"வேண்டாம்க்கா."

"ஏனாமா?"

அவன் எந்திரத்தை நிறுத்தினான். "நாங்க இருக்க லைன் வீட்டுப் பிள்ளைய எல்லாம் எம் பிள்ளைய வலைக்கையன் மவளேன்னு கூப்பிடுதுவக்கா. நேத்து தலை வார உக்காரமாட்டேன்னுட்டா. நீங்க தொடாதீங்கப்பான்னு அழுதா. சடை பின்னாமத்தான் பள்ளிக்கோடம் போனா. இனி அதை மாட்டமாட்டேன்னு எம்பிள்ளை தலையில அடிச்சுச் சத்தியம் பண்ணிருக்கேன்."

பெற்ற பிள்ளை தலையில் அடித்த சத்தியம். அதை மீறச் சொல்ல யாருக்கு வாய் வரும்? நர்ஸக்காவுக்கும் வரவில்லை. ஆனால் அவருக்குத் தெரிந்த ஒரே வழியை அவர் விடவும் இல்லை. துணி எப்படிச் சிவக்கும், சத்தம் எப்படி மாறாது என்று மறுபடியும் ஆரம்பித்தார். பழைய வார்த்தைகள்தான். அதே நிதானம்தான். சுற்றி நின்ற கட்டர்கள் கையைக் கட்டிக்கொண்டு ரசித்துக் கேட்டார்கள். முடித்ததும் ஒருவன், "அக்கா, இது அடுத்த பாகமுங்களா?" என்றான். எல்லாரும் சிரித்தார்கள். இசக்கியும் சிரித்தான். "நீங்க கதை நல்லாச் சொல்லுதியக்கா" என்றான்.

அன்றைக்கு அவர் பச்சைத் திரையை இழுத்துவிட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நான் டீ எடுத்துப் போனேன்.

"அந்தக் கையுறைய நல்லவன் கையில மாட்டியிருக்கோணும் கண்ணு. கெட்டவன் கையில மாட்டிப்போட்டேன்" என்றார். "படிக்கறவங்க கடசி வரைக்கும் வருவாங்கன்னு நெனச்சுட்டேன்."

தவறைத் திருத்தப் பார்த்தார். 'வெட்டு மேசை' இரண்டாம் பாகம் எழுதினார். அதில் கதாநாயகனுக்குக் கையுறை. கத்தி நழுவுகிறது, எஃகு வளையம் தடுக்கிறது, விரல் பிழைக்கிறது, மகளுக்குச் சடை பின்னுகிறான். இசக்கியின் மகள் படிக்கட்டும் என்றே எழுதியது. ஒருவரும் சீந்தவில்லை. "போரடிக்குது", "அட்வைஸ் ஆரம்பிச்சுட்டாங்க" என்று எழுதினார்கள். அதிகமான இதயங்கள் வாங்கிய கருத்து இது: "அக்கா, கருத்து சொல்லாதீங்க. கொலை பண்ணுங்க." நான் அதைப் படித்துக் காட்டியபோது நர்ஸக்கா போனைக் கவிழ்த்து வைத்தார்.

முதலாளியிடம் போய், கையுறை போடாதவனுக்கு எந்திரம் கிடையாது என்று உத்தரவு போடச் சொன்னார். "போடலாமுங்க நர்ஸம்மா. இந்த ஷிப்மெண்ட் ஏறட்டும். இப்ப அவனுங்கள நோகடிச்சா வேற கம்பெனிக்குப் போயிருவானுங்க. அதுக்குள்ள ஒண்ணும் ஆகாது" என்றாராம்.

அந்த ஷிப்மெண்ட் வெளிர் சாம்பல் நிறத் துணி. மழைத்தூறல் மாதிரி புள்ளிகள் இருக்கும். மத்தியானச் சாப்பாடு முடிந்து எந்திரங்கள் மறுபடி ஓடத் தொடங்கியிருந்தன. நான் எதிர் மேசையில் ஸ்டிக்கர் ஒட்டிக்கொண்டிருந்தேன். இசக்கி கழுத்து வளைவு வெட்டிக்கொண்டிருந்தான். சத்தம் மாறவில்லை. நர்ஸக்கா சொன்னது சொன்னபடி, சத்தம் கொஞ்சமும் மாறவே இல்லை. இசக்கி துணியைத் திருப்பிவிட்டு, புருவத்தைச் சுருக்கிக்கொண்டு குனிந்து பார்த்தான். துணி சிவப்பாக இருந்தது. இது எந்தக் கலர் என்று யோசிக்கிறவன் மாதிரிதான் பார்த்தான். அப்புறம்தான் நான் கத்தினேன். தூரத்தில் சில பெண்கள், வலைக்கையன் வந்துவிட்டான் என்று நினைத்துச் சிரித்தது எனக்குக் கேட்டது.

நர்ஸக்கா ஓடிவந்தார். கையை உயர்த்திப் பிடித்து இறுக்கிக் கட்டினார். துணி அடுக்குக்கு நடுவில் கையை விட்டு, தேடவேண்டியதைத் தேடி எடுத்தார். ஈரத் துணியில் சுற்றி, உறைக்குள் போட்டு, கேன்டீனிலிருந்து பனிக்கட்டி வாங்கி அதன் மேல் வைத்தார். கம்பெனி வேனில் இசக்கியை ஏற்றி ஒரு பக்கம் அவரும் மறுபக்கம் நானும் உட்கார்ந்தோம்.

அதற்குப் பிறகு நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். விரல்கள் ஒட்டவில்லை. இசக்கிக்குப் பேக்கிங் பகுதியில் வேலை மாற்றிக் கொடுத்தார்கள். மகளுக்குத் தலைமுடியைக் கத்தரித்துவிட்டார்கள். கையுறை போடாதவனுக்கு எந்திரம் கிடையாது என்ற உத்தரவு அந்த வாரமே ஒட்டப்பட்டது. நர்ஸக்கா கதையைச் செயலியிலிருந்து அழித்தார்; வேலையையும் விட்டுவிட்டு ஊருக்கே போய்விட்டார். எங்கே இருக்கிறார் என்று இன்றைக்கு எனக்குத் தெரியாது. குரலாகப் பதிந்ததை யாரும் அழிக்கவில்லை. போன மாதம் பல்லடம் பஸ்ஸில் எனக்கு முன் சீட்டில் இரண்டு பெண்கள் ஆளுக்கொரு காதில் இயர்போனை மாட்டிக்கொண்டு அதைக் கேட்டு, பயத்தில் ஒருத்தி கையை ஒருத்தி பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அவர்களிடம் ஏதாவது சொல்லவேண்டும் என்று வாய் வரை வந்தது. இறங்கிவிட்டேன்.

நர்ஸக்காவை நினைத்தால் எனக்கு வருவது கதையும் இல்லை, கொண்டை கிளிப்பும் இல்லை. அந்த வேன்தான். வேன் சிக்னலில் நின்றது. இசக்கி அவ்வளவு நேரமும் கட்டுப் போட்ட கையைப் பார்க்காமல் கூரையையே பார்த்துக்கொண்டிருந்தான். மெல்லத் தலையைத் திருப்பி அவரைப் பார்த்தான்.

"யக்கா. ஒண்ணும் ஆவாதுல்லாக்கா?"

நர்ஸக்காவின் மடியில் அந்தப் பனிக்கட்டி உறை இருந்தது. அதை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தார். ஆகறதும் ஆகாததும் என்று ஆரம்பிப்பார் என்றுதான் நான் நினைத்தேன். அவர் இசக்கியின் நெற்றியில் ஒட்டியிருந்த முடியை ஒதுக்கிவிட்டார்.

"ஒண்ணும் ஆகாது சாமி" என்றார்.

அவர் பயமுறுத்தியபோதெல்லாம் சிரித்தவன், அதைக் கேட்டதும் அவர் முகத்தையே பார்த்தான். பார்த்துவிட்டு, பயந்துபோய் அழ ஆரம்பித்தான்.